மெல்போர்ன்ல எங்க திரும்பினாலும் 'மையர்' பேரு இருக்கே, யாருங்க இந்த சிட்னி மையர்?

தூங்காநகரத்தான்:

வணக்கம் மக்களே. மெல்போர்ன் வந்து ஏழு மாசம் ஆச்சு, வந்த நாள்லேர்ந்து ஒரு பேரு என்னை விடாம துரத்துது. போர்க் ஸ்ட்ரீட்ல ட்ராம்ல போனா மையர்னு பெரிய கடை, டிசம்பர்ல அந்தக் கடை ஜன்னல்ல வச்ச பொம்மையப் பாக்க ஊரே குழந்தைகளைத் தூக்கிக்கிட்டு வரிசையில நின்னுச்சு, போன வாரம் ஆபீஸ் ஆளுங்களோட ஒரு கச்சேரிக்குப் போனா அந்த இடத்துக்குப் பேரு சிட்னி மையர் மியூசிக் பவுல். நான் மொதல்ல சிட்னின்னா ஊருதான்னு நெனச்சிட்டேன், ரெண்டு ஊருக்கும் ஆகவே ஆகாதுன்னு சொல்றாங்களே அப்புறம் எப்படி மெல்போர்ன்காரன் நடு ஊர்ல சிட்னி பேரை வைப்பான்னு ஒரே குழப்பம் (சிரிக்காதீங்க).

கூட வேலை பாக்குற பெரியவர் ஒருத்தர்தான் சொன்னாரு, அது ஊரு இல்லப்பா ஆளு, ரஷ்யாலேர்ந்து வந்த யூதர், இங்கிலீஷ் தெரியாம வந்து வீடு வீடா சாக்ஸ் வித்தவரு, அவரு செத்தப்ப ஒரு லட்சம் பேரு ரோட்டுல நின்னாங்கன்னு. எனக்கு இதுல பாதி நம்பவே முடியல. ஒரு ஜவுளிக்கடை முதலாளி செத்தா எதுக்கு லட்சம் பேரு வரணும்? கையில முதல் இல்லாம எப்படி அவ்ளோ பெரிய கடை வச்சாரு? நிஜமாவே குடுத்த மனுசனா, இல்ல எல்லாம் கடைக்கு விளம்பரமா? விஷயம் தெரிஞ்சவங்க யாராவது சொல்லுங்க, விக்கிபீடியா லிங்க் மட்டும் போட்டுட்டு ஓடிடாதீங்க.

பழையபேப்பர்:

லட்சம்ங்கிறது எல்லாரும் சொல்ற கணக்குதான், 1934 செப்டம்பர்ல நடந்த ஊர்வலம் அது. அங்கேர்ந்து பின்னாடி போவோம்.

பொறந்தது 1878ல, பேரு சிம்ஹா மையர் பயேவ்ஸ்கி. ஊரு க்ரிச்செவ், அப்ப ரஷ்யப் பேரரசு, இப்ப பெலாரஸ்ல இருக்கு. பதினோரு பிள்ளைல கடைக்குட்டி. அப்பா எசக்கியேல் ஹீப்ரு படிச்ச பண்டிதர், அதாவது வீட்டுல வருமானம் அம்மா பாத்த துணிக்கடைலதான். அந்தக் கடையக் கொஞ்ச நாள் இவரு நடத்தியும் இருக்காரு, அதனால "ஒண்ணும் தெரியாம வந்து ஜெயிச்சாரு"ன்னு சொல்றது பாதி கதைதான், காசும் பாஷையும்தான் இல்ல, தொழில் கையில இருந்துச்சு. 1899ல மெல்போர்ன் வந்தாரு, அண்ணன் எல்கான் அதுக்கு முன்னாடியே இங்க வந்துட்டாரு. ரெண்டு பேரும் ஃபிளிண்டர்ஸ் லேன்ல ஸ்லட்ஸ்கின்னு ஒரு யூதரோட உள்ளாடை கம்பெனில வேலை பாத்தாங்க, அப்புறம் பெண்டிகோ போயி சின்னதா ஒரு ஜவுளிக்கடை போட்டாங்க. பெண்டிகோ தங்கச் சுரங்க ஊரு, கையில காசு புழங்குற ஊரு, ஆனா சுரங்கத்துல வேலை பாக்குறவன் வீட்டுப் பொம்பளை பஜாருக்கு வந்து துணி வாங்க நேரம் எங்க இருக்கு, அதனால அண்ணன் கடையப் பாத்துக்க தம்பி மூட்டையத் தூக்கிக்கிட்டு வீடு வீடா போயிட்டாரு. பேரையும் பயேவ்ஸ்கிய விட்டுட்டு நடுப்பேரான மையரையே குடும்பப் பேரா ஆக்கிக்கிட்டாங்க, வாடிக்கையாளர் வாயில நுழையணும்ல.

1911ல மெல்போர்ன் போர்க் ஸ்ட்ரீட்ல, போஸ்ட் ஆபீஸுக்குப் பக்கத்துல, ரைட் அண்ட் நீல்னு ஒரு பழைய ஜவுளிக்கடைய வாங்குறாரு. மூணே வருசத்துல, 1914ல, அந்த இடத்துல புது கட்டடம். அமெரிக்கா போயி பெரிய கடைகளை எல்லாம் பாத்துட்டு வந்து சான் பிரான்சிஸ்கோல இருந்த எம்போரியம்ங்கிற கடை மாதிரியே கட்டினாரு, மையர் எம்போரியம்ங்கிற பேரே அதுலேர்ந்து வந்ததுதான். பக்கத்துலயே பக்லி அண்ட் நன்னு 1850கள்லேர்ந்து இருக்குற பெரிய கடை, வசதியான வீட்டுக்காரங்க போற இடம். இவரு அவங்களைப் பிடிக்கப் போகல. சுமாரான வருமானம் உள்ளவங்க கூச்சப்படாம உள்ள வந்து தொட்டுப் பாத்து விலையக் கேட்டுட்டு வாங்காமகூட திரும்பிப் போகலாம்ங்கிற மாதிரி கடைய வச்சாரு. 1918ல பாலரட்ல ஒரு கம்பளி ஆலையையே வாங்கிட்டாரு, 1928ல அடிலெய்ட்ல மார்ஷல்ஸ்னு ஒரு கடை. சாகுறப்ப வயசு 56தான்.

நூல்கண்டு:

நான் ரீட்டெயில்ல பர்ச்சேஸ் பக்கம் வேலை பாக்குறவ, அதனால "முதல் இல்லாம எப்படி"ங்கிற கேள்விதான் எனக்குப் பிடிச்சது.

மொதல்ல ஏன் துணி? க்ரிச்செவ் இருந்தது ரஷ்ய அரசு யூதர்களை அடைச்சு வச்சிருந்த எல்லைக்குள்ள, அதைத் தாண்டிக் குடியிருக்க அனுமதி கெடைக்கிறது கஷ்டம். 1882 சட்டத்துக்கப்புறம் கிராமத்துல புதுசா குடியேறவும் முடியாது, நிலம் வாங்கவும் முடியாது. விவசாயம் கெடையாது, அரசு வேலை கெடையாது, மிச்சம் என்ன, தையலும் துணியும் சில்லறை வியாபாரமும்தான். அதைத் தூக்கிக்கிட்டுத்தான் உலகம் பூரா போனாங்க. இங்கிலாந்துல மார்க்ஸ் அண்ட் ஸ்பென்சர் இருக்குல்ல, அதுல மார்க்ஸ்ங்கிற மைக்கேல் மார்க்ஸும் இதே பெலாரஸ் பக்கம், ஸ்லோனிம்காரரு, 1884ல லீட்ஸ் சந்தைல ஒரு பென்னி கடைதான் போட்டாரு, என்ன எடுத்தாலும் ஒரு பென்னி, விலையே கேக்க வேண்டாம். பாஷை தெரியாதவன் பேரம் பேச வேண்டாம்ங்கிறதுக்கு அதைவிட நல்ல வழி இருக்கா?

ரெண்டாவது கடன். மூட்டை வியாபாரிக்கு பேங்க் குடுக்காது. ஆனா ஃபிளிண்டர்ஸ் லேன் பூரா துணி மொத்த வியாபாரம், அங்க வேலை பாத்தவனை அங்க இருக்குறவங்களுக்குத் தெரியும், சரக்கைக் கடனா தூக்கிக் குடுத்துட்டு வித்துட்டு காசு கொண்டாடான்னு அனுப்பலாம். அப்படித்தான் அன்னைக்கு முக்காவாசிப் பேரு தொழிலுக்கு வந்தது.

மூணாவதுதான் எனக்கு முக்கியம். வாசப்படில நின்னு வித்தவனுக்கு ஒரு வீட்டுல எப்ப காசு இருக்கும் எப்ப இருக்காதுன்னு தெரியும், எந்தக் கலர் துணிய அந்தம்மா ரெண்டு தடவை தொட்டுட்டு வேணாம்னு சொல்லுதுன்னும் தெரியும். பெரிய கடை முதலாளி நிறைய பேரு அதை ஆயுசுக்கும் கத்துக்கிட்டதே இல்ல. எங்க வேலைல இப்ப அதுக்குத்தான் சாஃப்ட்வேர் வாங்குறாங்க.

அண்ணன் தம்பி பிரிஞ்ச கதைய பழையபேப்பர் விட்டுட்டாரு. எல்கான் மத விஷயத்துல கறார், யூத ஓய்வுநாள்ல கடை திறக்க மாட்டேன்னுட்டாரு, அது வெள்ளி சாயங்காலம் ஆரம்பிச்சு சனி சாயங்காலம் வரைக்கும். சுரங்க ஊர்ல ஜனங்க பஜாருக்கு வர்றதே அந்த நேரத்துலதான், தம்பி திறக்கணும்னாரு. பிரிஞ்சிட்டாங்க, ஆனா வெட்டு குத்துன்னு இல்ல, பின்னாடி எல்கான் மெல்போர்ன் கடைக்கே வந்து சேந்தாரு, தம்பி செத்தப்புறம் கம்பெனிக்குத் தலைவரா உக்காந்ததும் அந்த அண்ணன்தான்.

கணக்குப்பிள்ளை:

எல்லாரும் சேந்து படத்துக்கு மாலை போடுற வரைக்கும் போயிட்டீங்க, நான் கொஞ்சம் எதிர்ப்பக்கம் பேசுறேன், கோவிச்சுக்காதீங்க.

இவரைப் பத்திப் பேசினா உடனே வர்ற கதை, 1930கள்ல பெரிய பொருளாதார மந்தம் வந்தப்ப யாரையும் வேலைய விட்டு அனுப்பல, எல்லாரு சம்பளத்துலயும் 20 சதவீதம் வெட்டினாரு, தன்னோடதையும் சேத்துன்னு. கேக்க நல்லாத்தான் இருக்கு. ஆனா முதலாளிக்கு 20 சதவீதம் போனா என்ன போச்சு, கல்லாவுல நிக்குற பொண்ணுக்குப் போனா என்ன போச்சு? அந்தக் காலத்துல பொம்பளைங்களுக்கு ஆம்பளை சம்பளத்துல பாதிக்குக் கொஞ்சம் மேல, அவ்ளோதான் சட்டமே. அதுலேர்ந்து அஞ்சுல ஒரு பங்கு. 1931ல நடுவர் நீதிமன்றமே நாடு பூரா அடிப்படைச் சம்பளத்தை 10 சதவீதம் கொறச்சுது, அதாவது சம்பளத்தை வெட்டுறது அன்னைக்கு ஊரோட ஃபேஷன்.

அப்புறம் 1930 கிறிஸ்துமஸுக்கு எக்ஸிபிஷன் பில்டிங்ல வேலையில்லாத 10,000 பேருக்கு விருந்து போட்டாரு, ஒவ்வொரு குழந்தைக்கும் ஒரு பரிசு. நல்ல காரியம், மறுக்கல. ஆனா பத்தாயிரம் பேரு சாப்பிட்டுட்டு வீட்டுக்குப் போயி யாரு பேரைச் சொல்லுவாங்க, அடுத்த வருசம் வேலை கெடைச்சா எந்தக் கடைக்குப் போவாங்க? வியாபாரி குடுக்குறதுல வியாபாரம் இல்லாம இருக்காது.

இன்னொண்ணும் சொல்லிடுறேன். இவரு மூட்டை தூக்குன அதே காலத்துல விக்டோரியா கிராமப்புறத்துல நம்ம நாட்டுக்காரங்களும், பெரும்பாலும் பஞ்சாப் பக்கத்து ஆளுங்க, லைசென்ஸ் வாங்கி இதே மாதிரி மூட்டை வியாபாரம் பண்ணிக்கிட்டு இருந்தாங்க. அதே ரோடு, அதே வெயில், அதே ரிப்பன். 1901ல குடியேற்றத் தடைச் சட்டம் வந்துச்சு, ஏதோ ஒரு ஐரோப்பிய மொழில சொல்லச் சொல்ல எழுதுன்னு பரீட்சை வச்சு வெள்ளைக்காரன் இல்லாதவனை வெளிய நிறுத்தினாங்க. பேரை மாத்திக்கிட்டு மையர் ஆகுற வசதி சிங்குக்கு இல்ல. அவருக்குத் திறமை இல்லன்னு நான் சொல்லல, அவரு வந்தப்ப கதவு திறந்திருந்துச்சு, நமக்கு அது ஒழுங்கா திறக்க 1973 ஆச்சு, அதையும் சேத்துச் சொன்னாத்தான் கதை முழுசா இருக்கும்.

முருங்கையடி:

தம்பியவை, நான் இஞ்ச வந்து முப்பத்திரண்டு வருசம். கணக்குப்பிள்ளை சொன்ன கதவுக் கதை சரி, அதில எனக்கு மறுப்பில்லை. ஆனா மற்றதில கொஞ்சம் கதைக்க வேணும்.

வந்த முதல் வருசம் ஒரு கிடங்கில இரவு வேலை, பேர் சொல்ல விருப்பமில்லை, அவையள் மூண்டு கிழமைச் சம்பளத்தைத் தராமலே விட்டவையள். கையில காசில்லை, ரெண்டு சின்னப் பிள்ளையள். எங்கட வீட்டுக்குப் பக்கத்தில இருந்த கிரேக்கத்து அம்மா ஒராள்தான் சொன்னவ, பெப்ரவரியில மியூசிக் பவுலில மெல்போர்ன் சிம்பொனிக்காரர் சும்மா வாசிப்பினம், காசு வேண்டாம், பாயையும் சாப்பாட்டையும் கொண்டு போய் புல்லில இருங்கோ எண்டு. நாங்கள் போனனாங்கள். ஆர் வாசிச்சது, என்ன வாசிச்சது ஒண்டும் விளங்கேல்லை, ஆனா ஒருத்தரும் எங்களை டிக்கெட் எங்கை எண்டு கேக்கேல்லை. அந்த வருசம் இந்த நாட்டில எங்களிட்ட ஒருத்தரும் ஒண்டும் கேக்காமல் விட்ட இடம் அது ஒண்டுதான்.

அதுக்குப் பிறகுதான் ஆள் ஆர் எண்டு தேடினனான். மனுசன் வயலின் வாசிப்பார், சங்கீதப் பைத்தியம். 1929இலேயே தன்ர காசில பொட்டானிக் கார்டனில சனத்துக்கு இலவசக் கச்சேரி தொடங்கினவர். மியூசிக் பவுல் அவர் கட்டினது இல்லை, அவர் செத்து இருபத்தைஞ்சு வருசத்துக்குப் பிறகு, 1959 பெப்ரவரியில, மென்சிஸ் பிரதமரா இருக்கேக்க திறந்தது. அவர் விட்டுட்டுப் போன நிதியில பிள்ளையள் நிண்டு கட்டினது. 1967இல சீக்கர்ஸ் எண்ட பாட்டுக் குழு பாட வந்த நேரம் ரெண்டு லட்சம் சனம் எண்டு சொல்லுவினம்.

விளம்பரம் எண்டு சொன்னியள். சரி, யாரா பூல்வார்ட் எண்டு ஆத்துக்குப் பக்கத்தால ஒரு றோட்டு போகுதே, கார் ஓடிப் பாத்திருப்பியள். மந்த காலத்தில வேலையில்லாத ஆக்களுக்குக் கூலி குடுத்துப் போட்ட றோட்டு, அதுக்கு மையர் குடுத்தது 22,000 பவுண். அந்த றோட்டில அவற்ற பேர் எங்கயாவது இருக்கோ எண்டு போய்ப் பாருங்கோ. யாரா எண்டு ஆத்தின்ர பேர்தான் இருக்கு.

தூங்காநகரத்தான்:

ஐயா, நீங்க எழுதுனதப் படிச்சிட்டு கொஞ்ச நேரம் அடுத்த வேலை ஓடல. கணக்குப்பிள்ளை சார் சொன்ன சம்பள விஷயமும் மண்டைக்குள்ள உக்காந்துக்கிச்சு.

ஒரு டவுட். யூதர்னு சொல்றாங்க, ஆனா கல்லறை பாக்ஸ் ஹில்ல இருக்குன்னு எங்கேயோ படிச்சேன், அது யூதர் இடுகாடு இல்லையே? மதம் மாறிட்டாரா?

பழையபேப்பர்:

மாறிட்டாரு. 1905ல பாலரட்ல நான்ஸி ஃபிளெகல்டாப்னு ஒரு யூதப் பொண்ணைக் கல்யாணம் பண்ணிக்கிட்டாரு, அது சரியா அமையல. அப்புறம் மெர்லின் பெய்லியுங்கிற பொண்ணு மேல மனசு போச்சு, மெல்போர்ன்ல பெரிய வீட்டுப் பேரு அது. அமெரிக்கா போயி நெவாடால ரீனோ ஊர்ல விவாகரத்து வாங்கி, கிறிஸ்தவரா மாறி, 1920ல அங்கேயே கல்யாணம். பொண்ணுக்கு இருபது வயசு, இவரு நாப்பதைத் தாண்டிட்டாரு. ரீனோ விவாகரத்து ஆஸ்திரேலியால செல்லாது, அதனால ஒவ்வொரு பிரசவத்துக்கும் கப்பல் ஏறி சான் பிரான்சிஸ்கோ போனாங்க, நாலு பிள்ளையும் அங்க பொறந்ததுதான். இன்னைக்குப் படிச்சா சினிமாக் கதை மாதிரி இருக்கும், அந்தம்மா கர்ப்பமா பசிபிக் கடலைத் தாண்டி எத்தனை தடவை போயிருக்கும்னு யோசிச்சா சினிமாவா தெரியாது.

பிழைப்புக்கு மாறினாரா, காதலுக்கு மாறினாரா, மேல்தட்டுல உக்காரணும்னு மாறினாரான்னு ஆளாளுக்குப் பேசுவாங்க. நம்ம யாரு அதுல தீர்ப்பு சொல்ல. பாக்ஸ் ஹில் கல்லறை உண்மைதான், அதை வரைஞ்சு குடுத்தது எட்வின் லட்யன்ஸ், புது டெல்லி ராஷ்டிரபதி பவன் கட்டுன அதே ஆளு.

நூல்கண்டு:

கணக்குப்பிள்ளை சாருக்கு ஒரு பதில் பாக்கி இருக்கு. சம்பள வெட்டு விஷயத்துல நீங்க சொல்றது எனக்கும் உறுத்துது, அதை அழகு படுத்த மாட்டேன். ஆனா 1932 வாக்குல தொழிற்சங்க ஆளுங்கள்ல கிட்டத்தட்ட 30 சதவீதம் பேருக்கு வேலை இல்ல. அன்னைக்கு மத்த முதலாளிங்க பண்ணுனது அஞ்சுல ஒருத்தரை வெளிய அனுப்பிட்டு மிச்ச நாலு பேரை பயத்துலயே வேலை வாங்குறது. வெளிய போற அந்த ஒருத்தர் பெரும்பாலும் யாரா இருக்கும்? நீங்க சொல்ற அதே கல்லாப் பொண்ணுதான். நாலு பேரு சம்பளம் கொறையணுமா, ஒருத்தர் நடுத்தெருவுக்குப் போகணுமான்னு என் முன்னாடி பேப்பரை வச்சா நான் எதுல கையெழுத்துப் போடுவேன்னு எனக்கே தெரியல. அதே நேரத்துல கடையோட போர்க் ஸ்ட்ரீட் முகப்பையே இடிச்சுப் புதுசா கட்டினாரு, 1933ல முடிஞ்சுது, காசை முடக்கி வைக்காம செலவழிச்சாத்தான் நாலு பேருக்கு வேலைன்னு. அது நல்லெண்ணமா இல்ல மந்தத்துல கூலி மலிவா கெடைக்கும்ங்கிற கணக்கான்னு நீங்க கேப்பீங்க. ரெண்டும்தான் இருக்கும், வியாபாரி மூளை அப்படித்தான்.

உயிலைப் பாருங்க. சொத்துல பத்துல ஒரு பங்கு, தான் எந்த ஜனங்ககிட்ட சம்பாதிச்சாரோ அந்த ஜனங்களோட படிப்புக்கும் தர்மத்துக்கும்னு எழுதி வச்சாரு, சிட்னி மையர் ஃபண்டுன்னு இன்னைக்கும் ஓடுது. பிள்ளைங்க கென்னும் பெய்லியும் 1959ல தனியா மையர் ஃபவுண்டேஷனும் ஆரம்பிச்சாங்க. கடை கைமாறிப் போயிடுச்சு பாருங்க, 1985ல கோல்ஸ்ங்கிற சூப்பர்மார்க்கெட் கம்பெனிகூட சேந்துச்சு, 2006ல விலைக்குப் போச்சு, அப்புறம் ஷேர் மார்க்கெட்டு. ஃபண்டு மட்டும் குடும்பத்து கையிலயே நிக்குது.

கணக்குப்பிள்ளை:

உயில் விஷயத்துல நான் வாயைத் திறக்கல. செத்தவனுக்கு விளம்பரம் எதுக்கு.

றோட்டு விஷயமும் எனக்குத் தெரியாது, முருங்கையடி ஐயாவுக்கு நன்றி. ஞாயித்துக்கிழமை அந்தப் பக்கம்தான் சைக்கிள் ஓட்டுறேன், ஒரு தடவைகூட யாரு போட்ட ரோடுன்னு யோசிச்சதில்ல. சம்பள வெட்டுல மட்டும் நான் மாறல, நூல்கண்டு மேடம். கையெழுத்துப் போடுறது கஷ்டம்னு நீங்களே சொல்லிட்டீங்க, அந்தக் கஷ்டம் அவருக்கும் இருந்துச்சான்னு கல்லாப் பொண்ணுங்க யாராவது டைரி எழுதி வச்சிருந்தாத்தான் தெரியும்.

தூங்காநகரத்தான்:

எல்லாருக்கும் நன்றி. ஒரே ஒரு வேண்டுகோள், நான் சிட்னின்னா ஊருன்னு நெனச்ச கதை இந்த த்ரெட்டை விட்டு வெளிய போக வேணாம். இலவசக் கச்சேரி அடுத்து எப்ப ஐயா? நான் போனது டிக்கெட் வாங்கித்தான், அதுவும் பின்னாடி சீட்டு.

முருங்கையடி:

பெப்ரவரியில வரும் தம்பி. வெள்ளனவே வாரும், ஆறு மணிக்குப் பிறகு எண்டால் புல்லில இடம் பிடிக்கேலாது. பாய் நான் கொண்டு வாறன். ஒரு குளிர்ச்சட்டையும் எடுத்துக்கொண்டு வாரும், கோடையெண்டு நம்பி வந்து முதல் வருசம் நாங்கள் நடுங்கினனாங்கள்.